பதிந்தவரின் முகம்: மரியன் ஸ்டோக்ஸ் வாழ்வும் ‘ரெக்கார்டர்’ ஆவணப்படமும்

ஒரு நகரின் எல்லைக்குள் மட்டும் அறியப்பட்டு, சில ஆண்டுகள் திரையில் தோன்றி, பின்னர் பொதுநினைவிலிருந்து நீங்கிவிட்ட தொலைக்காட்சி முகங்கள் எல்லா நாடுகளிலும் உண்டு. வட்டாரச் செய்தி வாசித்தோர், ஞாயிறு காலை உரையாடல்களை நடத்தியோர், மாணவர்க்குப் பாடம் சொன்னோர் எனப் பலரும் இவ்வகையினர். நாடறிந்த தலைவர்க்கும் நடிகர்க்கும் வரலாறு எழுதச் சான்றுகள் பலவாக உள்ளன. இச்சிறு முகங்களுக்கோ எஞ்சிய ஒளிப்பதிவே பெரும்பாலும் ஒரே சான்று, அதுவும் எஞ்சியிருந்தால்தான்.

அமெரிக்காவின் பிலடெல்பியா நகரைச் சேர்ந்த மரியன் ஸ்டோக்ஸ் (1929–2012) இவ்வகையினருள் ஒருவராகத் தொடங்கியவர். 1960களின் இறுதியில் ‘இன்புட்’ என்னும் ஞாயிறு காலை உரையாடல் நிகழ்ச்சியை இணைந்து தயாரித்து, அதில் பங்கேற்றும் பேசினார். பின்னர்த் திரையை விட்டு முற்றிலும் விலகினார். 1970களின் பிற்பகுதி தொடங்கி இறக்கும் நாள்வரை, தம் வீட்டிலிருந்தவாறே தொலைக்காட்சி ஒளிபரப்பை இரவும் பகலும் வீடியோ நாடாக்களில் பதிந்து வைத்தார். அவ்வாறு எஞ்சியவை 71,000க்கும் மேற்பட்ட நாடாக்கள். இவ்வாழ்வைப் பொருளாகக் கொண்டு மேட் உல்ஃப் இயக்கிய ‘ரெக்கார்டர்’ என்னும் ஆவணப்படம் 2019இல் நியூயார்க்கின் டிரைபெக்கா திரைப்பட விழாவில் முதன்முதலாகத் திரையிடப்பட்டது.

அவர் ஏன் பதிந்தார் என்பதே படத்தை நடத்திச் செல்லும் வினா. அதற்கான விடையைப் படம் பெரும்பாலும் மகன், கணவர்வழி மகளிர், பணியாளர் ஆகியோரின் நினைவுகளில் தேடுகிறது. அவரது மனநிலையிலும் இல்லறத்திலும் தேடுகிறது. அவ்விடை படத்தின் உள்ளேயே, அது காட்டும் ‘இன்புட்’ ஒளிப்பதிவுகளில் இருக்கிறது என்பதும், படம் அவற்றைக் காட்டுகிற அளவுக்கு வாசிக்கவில்லை என்பதும் இக்கட்டுரை முன்வைக்கும் கருத்தாகும்.

ஞாயிறு காலைத் திரை

‘இன்புட்’ தோன்றிய சூழலை முதலில் நோக்க வேண்டும். 1967ஆம் ஆண்டுக் கோடையில் அமெரிக்க நகரங்கள் பலவற்றில் இனக் கலவரங்கள் வெடித்தன. அவற்றின் காரணங்களை ஆராயக் குடியரசுத் தலைவர் ஜான்சன் அமைத்த குழு, அதன் தலைவர் பெயரால் கெர்னர் குழு எனப்பட்டது. 1968இல் வெளிவந்த அதன் அறிக்கையில் செய்தி ஊடகங்களுக்கென்றே ஓர் இயல் ஒதுக்கப்பட்டிருந்தது. செய்தித்தாளும் தொலைக்காட்சியும் உலகை வெள்ளையர் கண்கொண்டே காண்கின்றன என்பதும், கறுப்பின மக்களின் அன்றாட வாழ்வு அவற்றில் இடம்பெறுவதே இல்லை என்பதும் அவ்வியலின் சாரம். ஒளிபரப்பு உரிமம் பெற்ற நிலையங்கள் பொதுநலன் பேணும் நிகழ்ச்சிகளை வழங்கக் கடமைப்பட்டிருந்த காலம் அது. நியூயார்க்கில் ‘லைக் இட் இஸ்’, பாஸ்டனில் ‘சே பிரதர்’, பொது ஒளிபரப்பில் ‘பிளாக் ஜர்னல்’ ஆகியவை அந்த 1968ஆம் ஆண்டில்தான் தொடங்கப்பட்டன. பிலடெல்பியாவில், சி.பி.எஸ். வலைப்பின்னலைச் சார்ந்த டபிள்யூ.சி.ஏ.யு. நிலையத்தின் பத்தாம் அலைவரிசையில் வந்த ‘இன்புட்’ இவ்வலையின் ஒரு துளி.

ஞாயிறு காலை என்பது விளம்பரதாரர் விரும்பாத நேரம். கடமைக்காக ஒளிபரப்பப்படும் நிகழ்ச்சிகளை நிலையங்கள் அந்நேரத்தில் வைத்துவிடுவது வழக்கம். பார்ப்போர் சிலரே, அதனாலேயே அங்கே பேச்சுக்குச் சற்றுக் கூடுதல் உரிமை கிடைத்தது என்பதையும் மறுக்க இயலாது. கறுப்பு வெள்ளையில் எஞ்சியுள்ள ‘இன்புட்’ பதிவுகளில் சமயத்துறையினர், கல்வியாளர், இயக்கத்தவர் எனப் பல திறத்தாரும் ஒன்றாக அமர்ந்து சமூக நீதி குறித்து உரையாடுகின்றனர். அவர்களிடையே மரியன் தோன்றுகிறார். குரலை உயர்த்தாமல் பேசும் இயல்பினர். பிறர் எளிதாக ஒப்புக்கொண்டு கடந்து செல்லும் சொல்லை நிறுத்திவைத்துப் பார்க்கும் இயல்பும் அவரிடம் தெரிகிறது.

அந்த இயல்புக்கு ஒரு முன்வரலாறு உண்டு. அவர் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பிலடெல்பியாவின் பொது நூலகத்தில் நூலகராகப் பணியாற்றியவர். 1960களின் தொடக்கத்தில் அப்பணியிலிருந்து நீக்கப்பட்டார். பொதுவுடைமைக் கட்சியுடன் அவருக்கிருந்த தொடர்பே காரணமாகலாம் என்று கருதப்படுகிறது. கூட்டாட்சிப் புலனாய்வுத் துறை அவரைக் கண்காணித்தது. முதற்கணவருடனும் குழந்தையுடனும் கியூபாவுக்குக் குடிபெயர முயன்று, அது கைகூடாமல் திரும்பினார். 1963ஆம் ஆண்டு வாஷிங்டன் பேரணிக்கு மக்களைத் திரட்டிப் பேருந்துகளில் அனுப்பும் பணியிலும் ஈடுபட்டார். நூலை அடுக்கில் வைப்பதும் எடுப்பதும் அரசியற் செயல் ஆகக்கூடும் என்பதைத் தம் பணியை இழந்து அறிந்தவர் அவர். எது கிடைக்கும், எது கிடைக்காது, யார் அதைத் தீர்மானிக்கிறார் என்னும் வினா நூலகரின் வினா. அவ்வினாவுடன்தான் அவர் தொலைக்காட்சி அரங்கினுள் நுழைந்தார்.

‘இன்புட்’ நிகழ்ச்சியில்தான் ஜான் ஸ்டோக்சுடன் அவர் இணைந்து பணியாற்றினார். ஜான் செல்வ வளமிக்க வெள்ளையர், மணமானவர், மக்களைப் பெற்றவர். பின்னர் இருவரும் மணந்துகொண்டனர். படம் ‘இன்புட்’ காட்சிகளைக் கையாளும் முறை இங்கே கவனிக்கத்தக்கது. இருவரும் ஒருவர் பேச மற்றவர் கேட்கும் துணுக்குகளைத் தேர்ந்தெடுத்து, அவற்றைக் காதலின் தொடக்கமாகவே படம் பெரிதும் வாசிக்கிறது. அவ்வாசிப்பு பொய்யன்று. ஆயினும் அங்கே இருவரும் ஏதோ ஒரு பொருள் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்கள். பார்வைக்குப் பொருள் கொள்ளும் அவசரத்தில் பேச்சின் பொருள் நழுவிவிடுகிறது. ஒரு கறுப்பினப் பெண்மணி, 1968ஐ ஒட்டிய ஆண்டுகளில், வெள்ளையர் நடுவே சமமாக அமர்ந்து, செய்தியும் கருத்தும் எவ்வாறு உருவாகின்றன என்று வாதிடும் காட்சி அரிய சான்று. அதனைக் காதற்கதையின் முன்னுரையாகச் சுருக்குவது அச்சான்றுக்கு இழைக்கும் குறையே.

இப்பதிவுகள் எஞ்சியதும் தற்செயலன்று. அக்காலத்து ஒளிபரப்பு நாடா விலை மிகுந்தது. ஒரு நிகழ்ச்சியை அழித்து அதே நாடாவில் மற்றொன்றைப் பதிவது நிலையங்களின் அன்றாட நடைமுறை. 1967இல் இரண்டு வலைப்பின்னல்கள் ஒளிபரப்பிய முதல் ‘சூப்பர் பவுல்’ ஆட்டத்தையே இரண்டும் முழுமையாகக் காத்துவைக்கவில்லை. நாடே பார்த்த ஆட்டத்தின் நிலை இதுவாயின், ஒரு நகரின் ஞாயிறு காலை நிகழ்ச்சியின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை. ‘இன்புட்’ இன்று இணைய ஆவணக்காப்பகத்தில் காணக் கிடைப்பது, அதில் தோன்றியவரே அதனைப் பேணிவைத்திருந்தமையால்தான். திரையில் தோன்றியது காற்றோடு போய்விடும் என்பதை அவர் தம் நிகழ்ச்சியின் வழியாகவே அறிந்திருந்தார் என்று கொள்வதில் தவறில்லை.

ஆறு மணி நேரச் சுற்று

வீட்டிலேயே ஒளிபரப்பைப் பதியும் பீட்டாமேக்ஸ் கருவியைச் சோனி நிறுவனம் 1975இல் சந்தைக்குக் கொண்டுவந்தது, வி.எச்.எஸ். கருவி 1977இல் அமெரிக்காவில் அறிமுகமாயிற்று. மரியன் தொடக்கத்திலேயே இக்கருவிகளை வாங்கியவர். ஆயினும் இடையறாத பதிவாக அது மாறியது 1979 நவம்பரில். அம்மாதம் 4ஆம் நாள் டெஹ்ரானில் அமெரிக்கத் தூதரகம் கைப்பற்றப்பட்டது. பிணைக்கைதிகள் 444 நாள்கள் சிறையிருந்தனர். ஏ.பி.சி. நிறுவனம் இரவுதோறும் வழங்கிய சிறப்புச் செய்தியே 1980 மார்ச்சில் ‘நைட்லைன்’ என்னும் நிலையான நிகழ்ச்சியாயிற்று. அவ்வாண்டு ஜூன் 1 அன்று சி.என்.என். தொடங்கியது. செய்தி என்பது நாளின் ஒரு வேளைக்கு உரியது என்னும் நிலை மாறி, நாள் முழுதும் ஓடும் ஒன்றாகியது அந்த ஏழெட்டு மாதங்களில்தான்.

இம்மாற்றத்தை அவர் எவ்வாறு கண்டார் என்பதை உடனிருந்தோர் படத்தில் விளக்குகின்றனர். முதல் நாள் சொல்லப்பட்ட விவரம் பத்தாம் நாள் சொல்லப்படுவதில்லை. வேறொன்று அதனிடத்தில் அமர்கிறது. மக்கள் அம்மாற்றத்தை உணர்வதும் இல்லை. எனவே முதல் நாளைக் காத்துவைத்தால்தான் பத்தாம் நாளை ஒப்பிட்டுப் பார்க்க இயலும். பாடவேறுபாடு காண்போர்க்கு இக்கருத்து புதிதாக இராது. பதிப்பாசிரியர் ஒரு நூலின் பல சுவடிகளைத் தேடியலைவது எதற்காகவோ, அதற்காகவே அவர் பல அலைவரிசைகளை ஒரே நேரத்தில் பதிந்தார்.

பதிவின் நடைமுறை கடுமையானது. 120 நிமிட நாடாவை மிக மெதுவான வேகத்தில் ஓட்டினால் ஆறு மணி நேரம் பதியலாம். படத்தின் தெளிவு குறையும். தெளிவைக் காட்டிலும் கால அளவே அவருக்கு வேண்டியிருந்தது. சில வேளைகளில் எட்டுக் கருவிகள் வரை ஒன்றாக இயங்கின. ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை நாடாக்களை மாற்ற வேண்டும். உணவகத்தில் உண்டுகொண்டிருந்தாலும் பாதியில் எழுந்து கணவரும் மனைவியும் வீடு திரும்ப வேண்டும். வெளியூர்ப் பயணம் நாடாவின் நீளத்துக்குள் அடங்க வேண்டும். முதுமையில் இப்பணிக்கு உதவியாளரைப் பழக்கினார். நாடாவுக்கும் கருவிக்கும் இடத்துக்கும் ஆன செலவைக் கணவரின் செல்வமும், ஆப்பிள் நிறுவனப் பங்குகளில் தொடக்கத்திலேயே இட்ட முதலும் தாங்கின. வறியவர் எவரும் இத்தகைய ஆவணத்தை உருவாக்கியிருக்க இயலாது என்பதை இவ்விடத்திற் சொல்லிவிடுவது நேர்மையாகும்.

இத்தொகுப்பைப் பற்றிய எண்ணிக்கைகளில் ஒரு வேடிக்கை உண்டு. 2013இல் முதன்முதலாக வெளிவந்த செய்திகள் 1,40,000 நாடாக்கள் என்றன. பின்னர் அவ்வெண் ஏறத்தாழப் பாதியாகி 71,716 என நிலைபெற்றது. செய்தியின் முதல் நாள் விவரத்தைக் காத்துவைக்க முனைந்தவரைப் பற்றிய செய்தியே இவ்வாறு மாறியது. இதைவிடப் பயனுள்ள கணக்கு ஒன்று இவ்வெண்ணிலிருந்து கிடைக்கிறது. ஒவ்வொரு நாடாவும் ஆறு மணி நேரம் நிரம்பியது என்றே கொண்டாலும் மொத்தம் ஏறத்தாழ 4,30,000 மணி நேரம். 1979 நவம்பர் முதல் 2012 டிசம்பர் வரையுள்ள 33 ஆண்டுகளோ ஏறத்தாழ 2,90,000 மணி நேரம். அதாவது, சராசரியாக ஒன்றரை அலைவரிசையே எந்நேரமும் பதிவாகியிருக்க முடியும். எட்டுக் கருவிகளும் இடையறாது ஓடியிருப்பின் நாடாக்களின் எண்ணிக்கை மூன்றரை இலட்சத்தைத் தாண்டியிருக்கும். எனவே, ‘எல்லாவற்றையும் பதிந்தவர்’ என்று அவரைக் குறிப்பது சரியன்று. எப்போது எந்தக் கருவியை எந்த அலைவரிசைக்குத் திருப்புவது, எப்போது எட்டையும் இயக்குவது, எப்போது ஒன்றிரண்டோடு அமைவது என்னும் முடிவுகளை அவர் ஒவ்வொரு நாளும் எடுத்தார். தேர்வு இருக்கிறது, தேர்ந்தவரின் அறிவும் அதில் இருக்கிறது. படம் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கவில்லை.

சட்டத்தின் நிலையும் நோக்கத்தக்கது. நாட்டளாவிய மாலைச் செய்திகளைப் பதிந்து காக்கும் பணியை நாஷ்வில் நகரின் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகம் 1968 ஆகஸ்டிலேயே தொடங்கியிருந்தது. சி.பி.எஸ். அதன்மீது வழக்குத் தொடுத்தது. 1976ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் நூலகங்கள் செய்தி ஒளிபரப்பைப் பதிந்து காக்க வழிசெய்தது. வீட்டில் பதிவது குற்றமன்று என்னும் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு 1984 ஜனவரியில், ஐவர்க்கு நால்வர் என்னும் மிகச் சிறிய பெரும்பான்மையில் வந்தது. அதற்குள் மரியன் நான்கு ஆண்டுகளுக்கும் மேலாக இடையறாது பதிந்துவிட்டார். பல்கலைக்கழகம் மாலைச் செய்தியைக் காத்தது. நள்ளிரவுச் செய்தியையும், வட்டாரச் செய்தியையும், இடையிடையே வந்த விளம்பரத்தையும் காத்தவர் நூலகம் இல்லாத இந்த நூலகர்.

படத்தின் வாசிப்பு

ஆவணப்படம் மூன்று வகைக் காட்சிகளால் ஆனது: உடனிருந்தோர் நேர்காணல், நாடாக்களிலிருந்து எடுத்த துணுக்குகள், நடிகரைக் கொண்டு மீளப் புனைந்த காட்சிகள். மூன்றாவது வகை பற்றி மிகுதியாகச் சொல்ல வேண்டியதில்லை. பதிந்தவரின் உருவம் நாடாக்களில் இல்லாமையால் அவ்வெற்றிடத்தை நிரப்ப இயக்குநர் மேற்கொண்ட உத்தி அது. அவ்வெற்றிடத்தை வெற்றிடமாகவே விட்டிருந்தால் படம் வலுப்பெற்றிருக்கும்.

நேர்காணல்களின் நிலை வேறு. அவற்றில் உண்மையான துயரம் இருக்கிறது. தாயின் கவனம் கருவிகளின்பால் சென்றதால் விலகி நின்ற மகன், தந்தையை இழந்ததாக உணர்ந்த மகளிர், முதலாளி அம்மையாரின் கண்டிப்பையும் அன்பையும் ஒருங்கே நினைவுகூரும் பணியாளர் ஆகியோர் பேசுவதை எவரும் புறந்தள்ள இயலாது. பொருள் சேர்ப்பதில் அவருக்கிருந்த வேட்கையும் மறைக்கத்தக்கதன்று. பல்லாயிரம் நூல்கள், கட்டுக்கட்டாகச் செய்தித்தாள்கள், ஏராளமான ஆப்பிள் கணினிகள் என வீடும் வாடகைக் கிடங்குகளும் நிரம்பின. படம் இவற்றையெல்லாம் காட்டி, ‘இது நோயா, நோக்கமா’ என்று வினவுகிறது; விடை கூறாமல் இரண்டுக்கும் இடையே ஊசலாடுகிறது.

அவ்வினாவே பொருந்தாதது எனத் தோன்றுகிறது. கோட்டையூர் ரோஜா முத்தையா ஒரு வாழ்நாள் முழுதும் நூலும் இதழும் துண்டறிக்கையும் சேர்த்தார். 1992இல் அவர் மறைந்த பின்னர் அத்தொகுப்பு சென்னையில் ஆய்வு நூலகமாயிற்று. அவரைத் தமிழாய்வுலகம் சேகரிப்பாளர் என்றே போற்றுகிறது. அவரது மனநிலையை ஆராயப் புகுவதில்லை. பெண்ணொருத்தி, அதிலும் கறுப்பினப் பெண், வீட்டின் உட்புறத்தில் செய்த ஆவணப்பணி என்றவுடன் நோய்ச்சொல் எளிதில் வந்து ஒட்டிக்கொள்கிறது. படம் அச்சொல்லை ஐயத்தோடுதான் பயன்படுத்துகிறது என்பது உண்மையே. எனினும் அச்சொல் வந்துவிட்டபின் பார்வையாளர் மனத்தில் அதுவே தங்குகிறது.

அகத்திணையில் தலைமக்கள் பெயர் சுட்டப்படலாகாது என்பது தொல்காப்பிய மரபு. பெயர் சுட்டிவிட்டால் அது புறமாகிவிடும். மரியன் தம் வாழ்வை இவ்விரு பகுதியாகவே வைத்துக்கொண்டார். ‘இன்புட்’ புறம், பெயரோடும் முகத்தோடும் பேசியது. அதன் பின்னர் வந்த முப்பத்துமூன்று ஆண்டுகளில் அவர் பெயரையும் முகத்தையும் மறைத்துக்கொண்டார். பேட்டி அளிக்கவில்லை, தம் தொகுப்பைப் பற்றி எழுதி வெளியிடவில்லை. ஆவணப்படமோ அகத்தைப் பெயர் சுட்டிப் பேசுகிறது. வாழ்க்கை வரலாற்றுப் படங்களுக்கு இது தவிர்க்க முடியாத இயல்பு எனலாம். ஆனால் அதற்கு ஈடாகப் புறத்தை, அதாவது அவர் உலகோர் காணுமாறு விட்டுச்சென்ற நாடாக்களை, எவ்வளவு வாசிக்கிறது என்பதைக் கொண்டே இத்தகைய படத்தை மதிப்பிட வேண்டும்.

நாடாக்களிலிருந்து எடுத்த துணுக்குகளைப் படம் பெரும்பாலும் காலக்குறிப்பாகவே பயன்படுத்துகிறது. ஒரு தசாப்தம் கடந்தது என்பதைக் காட்ட அத்தசாப்தத்தின் பெருஞ்செய்திகள் விரைந்து வந்து மறைகின்றன. அவையனைத்தும் வேறெந்த ஆவணக்காப்பகத்திலும் கிடைக்கக்கூடியவை. ஒரே ஓர் இடத்தில் படம் இந்நிலையை மீறுகிறது. 2001 செப்டம்பர் 11 காலை. திரை நான்காகப் பிரிக்கப்படுகிறது. நான்கு அலைவரிசைகளின் பதிவுகள் ஒரே நேர ஒழுங்கில் ஓடுகின்றன. முதல் விமானம் கோபுரத்தில் மோதியது காலை 8.46க்கு. 8.49க்குச் சி.என்.என். தன் நிகழ்ச்சியை நிறுத்திப் புகையெழும் கோபுரத்தைக் காட்டத் தொடங்குகிறது. மற்றவற்றில் வழக்கமான காலை நிகழ்ச்சிகளும் விளம்பரங்களும் இன்னும் ஓடுகின்றன. பின் ஒவ்வொன்றாக அதே படத்துக்கு மாறுகின்றன. விளக்கவுரை எதுவும் இல்லை. செய்தி எவ்வாறு செய்தியாகிறது, ஒரு திரை எப்போது மற்றொரு திரையைப் பின்பற்றுகிறது, அதற்கு முந்தைய நொடியில் அது எதை விற்றுக்கொண்டிருந்தது என்பனவற்றைப் பார்வையாளர் தாமே காண்கிறார்.

இக்காட்சி மரியனின் வாழ்வில் நேர்காணல் எதுவும் காட்டாத ஒன்றைக் காட்டுகிறது. பல திரைகளை அடுத்தடுத்து வைத்து ஒப்பிட்டால் தெரிவது, ஒன்றை மட்டும் பார்த்தால் தெரியாது என்னும் கருத்து அவருடையது. ‘இன்புட்’ அரங்கில் பல தரப்பாரை ஒருசேர அமர்த்தியபோது செய்ததும் இதுவே. அங்கே மனிதர்களை அடுத்தடுத்து அமர்த்தினார், இங்கே அலைவரிசைகளை. நிகழ்ச்சி நின்றபின் அவர் வேறொருவராக மாறிவிட்டார் என்னும் படத்தின் கதைப்போக்கு இந்தச் சில நிமிடங்களில் படத்தாலேயே மறுக்கப்படுகிறது. இயக்குநர் இதனை உணர்ந்திருந்தால் படத்தின் அமைப்பே வேறாகியிருக்கும்.

தொகுத்தோரை வாசித்தல்

தம் சொல் ஒன்றையும் இடாமல், பிறர் சொல்லை மட்டும் அடுக்கிவைத்துச் சென்றவரின் உள்ளத்தை எவ்வாறு அறிவது என்னும் சிக்கல் தமிழாய்வுக்குப் பழையது. அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மர் எனவும், தொகுப்பித்தவன் பாண்டியன் உக்கிரப்பெருவழுதி எனவும் அறிகிறோம். உருத்திரசன்மரின் வாழ்க்கை வரலாறு நமக்குக் கிடைக்கவில்லை. ஆயினும் ஒற்றைப்படை எண் பெற்ற பாடல்கள் பாலை, நான்காம் எண்ணில் முல்லை, ஆறில் மருதம், பத்தின் பெருக்கத்தில் நெய்தல், இரண்டிலும் எட்டிலும் குறிஞ்சி என்னும் அடைவில் ஒரு மனம் வேலை செய்திருப்பது தெரிகிறது. நானூற்றில் இருநூறு பாலைக்கு உரியன என்பது தொகுத்தோன் கைக்கு வந்த பாடல்களின் நிலையையும் காட்டும். அவன் நோக்கையும் காட்டும். இரண்டையும் பிரித்தறிவது எளிதன்று. அம்முயற்சியே தொகைநூலாய்வு.

மரியனின் நாடாக்களுக்கும் இத்தகைய ஆய்வு வேண்டும். தொகைநூற் புலவர் தேர்ந்தவற்றை வைத்துத் தேராதவற்றை விட்டனர். அவர் பதிந்ததில் எதையும் வெட்டவில்லை. வேறுபாடு பெரிது. ஆயினும் முன்னர்க் கண்ட கணக்கின்படி அலைவரிசையைத் தேர்ந்தார், நேரத்தைத் தேர்ந்தார், நாடாவின் முதுகுப்புறத்தில் தம் கையால் குறிப்பு எழுதினார். எந்த நாளில் எத்தனைக் கருவிகள் இயங்கின என்று ஆண்டுவாரியாக ஒரு பட்டியல் வகுத்தாலே, எந்தச் செய்திகளை அவர் ஐயுற்றார் என்பது புலப்படும். ஒன்றுக்கு மேற்பட்ட திரையில் பார்க்க வேண்டும் என்று ஒருவர் கருதுவது, ஒரு திரை சொல்வதை அவர் நம்பாதபோதுதான். அவரது அரசியல் வாழ்வின் தொடர்ச்சியை அறிய இதைவிட நேரான சான்று வேறில்லை. புலனாய்வுத் துறையின் கோப்பு அவரைக் கண்காணித்தோர் எழுதியது. குடும்பத்தார் நினைவு அவரால் துன்புற்றோர் சொல்வது. நாடாக்களின் அடைவோ அவரே செய்தது.

படக்குழுவினர் இத்திசையில் முதலடி வைத்தனர் என்பதைக் குறிப்பிட வேண்டும். பெட்டிகளில் இருந்த நாடாக்களின் முதுகுப்புறங்களைப் படமெடுத்து, அதிலுள்ள கையெழுத்துக் குறிப்புகளைத் தன்னார்வலர் துணையுடன் பட்டியலாக்கி, அப்பட்டியலிலிருந்தே எண்ணிம வடிவாக்க வேண்டிய நாடாக்களைத் தெரிவு செய்தனர். அவ்வுழைப்பு திரைப்படத்தின் மூலப்பொருளைத் தேட மட்டும் பயன்பட்டது. பட்டியலே ஒரு வாழ்க்கை வரலாறு என்னும் எண்ணம் படத்தினுள் இடம்பெறவில்லை.

2013இல் மகன் அத்தொகுப்பு முழுவதையும் இணைய ஆவணக்காப்பகத்துக்கு வழங்கினார். நான்கு சரக்குப் பெட்டகங்களில் அவை பிலடெல்பியாவிலிருந்து கலிபோர்னியாவின் ரிச்மண்ட் நகருக்குச் சென்றன. முழுவதையும் எண்ணிம வடிவாக்க இருபது இலட்சம் டாலர் தேவை என மதிப்பிடப்பட்டது. 2019இல் படம் வெளிவந்தபோதும் அப்பணி முடிவுறவில்லை. காந்த நாடா ஆண்டுகள் செல்லச் செல்ல நலிவது. அதனை ஓட்டும் கருவிகளும் அருகி வருவன. 4,30,000 மணி நேரத்தை ஒருவர் இடைவிடாது பார்ப்பதானால் 49 ஆண்டுகள் வேண்டும். பார்க்கப்படாத அந்நாடாக்களுள் பெரும்பகுதி, பிற எவரும் காத்துவைக்காத வட்டார நிகழ்ச்சிகளைக் கொண்டிருத்தல் கூடும். ஒரு நகருக்குள் மட்டும் அறியப்பட்ட செய்தி வாசிப்போர் எத்தனை பேர், ஞாயிறு காலை உரையாடல்களில் அமர்ந்தோர் எத்தனை பேர் அவற்றில் இருக்கின்றனர் என்பதை எவரும் இன்னும் எண்ணிப் பார்க்கவில்லை. ‘இன்புட்’ நிகழ்ச்சியின் மரியனைப் போன்றோர் அவர்கள்.

2012 டிசம்பர் 14 அன்று மரியன் ஸ்டோக்ஸ் தம் 83ஆம் வயதில் காலமானார். கனெக்டிகட் மாநிலத்தின் நியூடவுன் ஊரில் சாண்டி ஹூக் தொடக்கப்பள்ளியில் துப்பாக்கிச் சூடு நிகழ்ந்த நாள் அது. இருபது குழந்தைகளும் ஆறு ஆசிரியர், பணியாளரும் அங்கு உயிரிழந்தனர். அச்செய்தியின் முதல் மணி நேரங்கள், பின்னர்த் திருத்தப்பட்ட பிழையான விவரங்கள் உள்ளிட, அவர் வீட்டுக் கருவிகளில் பதிவாயின. அதுவே கடைசி நாடா.